வேரைப் பார்த்தீர்களா?

நம்மவர்கள் பயிர் பார்க்கும் அழகே தனி. வரப்பின் மேல் நின்று, குடையை ஊன்றிக்கொண்டு, கண்ணை இடுக்கியவாறு இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரையில் ஒரு முறை நோக்குவார்கள். இலை கறுத்துச் செழித்திருந்தால், "பேஷ்!" இலை வெளுத்திருந்தால், "ஒரு மூட்டை யூரியா போட்டு வை!" வைத்தியம் முடிந்தது. மனிதனுக்குக் காய்ச்சல் என்றால் டாக்டராவது நாக்கை நீட்டச் சொல்லிப் பார்க்கிறார். நெற்பயிருக்கு அந்த மரியாதை கூடக் கிடையாது. இலையைப் பார்ப்பதற்கு நிமிர்ந்து நின்றால் போதும். வேரைப் பார்ப்பதற்கோ சேற்றில் காலை வைத்துக் குனிய வேண்டும். ஆனால் நெல்லைப் பீடிக்கும் வியாதிகளில் ஒன்று வேரில் குடியிருந்துகொண்டு இலையிலே பொய்ச் சாட்சி சொல்லுகிறது. அதற்கு 'வேர்முடிச்சு' என்று பெயர். அதை உண்டாக்கும் ஜந்து நூற்புழு.

புழு என்றவுடன் கத்தரிக்காய்க்குள் நெளியும் பேர்வழியை நினைத்துக்கொள்ள வேண்டாம். முட்டையிலிருந்து வெளிப்பட்டு வேரைத் தேடிப் புறப்படும் இந்தக் குஞ்சின் நீளம் ஒரு மில்லிமீட்டரில் பாதி கூட இராது. பருமனோ அந்த நீளத்தில் இருபதில் ஒரு பங்குக்கும் குறைவு. உடல் கண்ணாடி போல் ஒளி ஊடுருவக் கூடியது. ஒரு பிடி மண்ணில் நூற்றுக் கணக்கில் இருந்தாலும் நம் கண்ணுக்கு அது வெறும் மண்தான்.

எனக்கு இந்த விஷயத்தில் சிரத்தை உண்டானது சென்ற வருஷம் ஆவணி மாதத்தில். காவிரிப் பாசனத்தின் கடைமடையில் எங்கள் குடும்பத்துக்குப் பாத்தியமான கொஞ்சம் நிலம் இருக்கிறது. அதை என் அத்தான் சாகுபடி செய்கிறார். வருஷத்துக்கு ஒரு தடவை போய், அவர் வீட்டில் நாலு நாள் சாப்பிட்டுவிட்டு, பயிரைப் பற்றி அபிப்பிராயம் சொல்லிவிட்டுத் திரும்புவதுதான் என் பங்குக்கு உள்ள விவசாயம். வாய்க்காலில் தண்ணீர் எப்போது வரும் என்பது நிச்சயமில்லாததால், அத்தான் ஆழ்குழாய்க் கிணற்றை நம்பி, மேட்டுப் பாங்கான மணற்சாரி மூலையில் நாற்றங்கால் விட்டிருந்தார். தண்ணீரைக் கட்டி நிறுத்தவில்லை. இரண்டு மூன்று நாளைக்கு ஒரு முறை நனைத்துவிடுவதோடு சரி.

"என்ன அத்தான், நாற்று ஒரே நிறமாக இல்லையே? நடுவிலே திட்டுத் திட்டாக மஞ்சளித்துக் கிடக்கிறதே?" என்றேன்.

"துத்தநாகச் சத்துக் குறைவு என்று உரக்கடையில் சொன்னார்கள். ஜிங்க் சல்பேட் வாங்கித் தெளித்தேன். அதற்கு முன்னால் யூரியா இரண்டு தடவை. உனக்கு என்ன தோன்றுகிறது?" என்றார்.

எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. தோன்றியது, அங்கே நாற்றுப் பறித்துக்கொண்டிருந்த பெண்களுள் எல்லோருக்கும் மூத்த கிழவிக்கு.

"வேரைப் பாருங்க, தம்பி. மூணு நாலு வருசமா இந்த மூலையிலே விட்ட நாத்தெல்லாம் நுனியிலே கொக்கி போட்டுக்கிட்டுத்தான் வருது. பறிக்கிறப்பவே கைக்குத் தெரியும்" என்று சொல்லி, ஒரு முடி நாற்றை வாய்க்கால் நீரில் அலசி நீட்டினாள்.

"இதை ஐயாவிடம் சொல்லக்கூடாதோ, பாட்டி?"

"கேட்டாத்தானே தம்பி சொல்லலாம்!"

அத்தான் ஒன்றும் பேசாமல் வெற்றிலைப் பெட்டியைத் திறந்தார்.

கிழவி காட்டிய வேரைப் பற்றிக் கொஞ்சம் விவரமாகச் சொல்லவேண்டும். நல்ல நாற்றின் வேர் வெண்மையாய், நேராய், மெல்லிய நூற்கற்றை போல இருக்கும். இந்த வேரிலோ நுனிதோறும் ஒரு சிறு வீக்கம்; அந்த வீக்கத்தோடு வேர் சுருண்டு, தூண்டில் முள்ளைப் போல் வளைந்திருந்தது. நெல்லைப் பிடிக்கும் வேர்முடிச்சுக்கு இந்தக் கொக்கி தவறாத அடையாளம். உளுந்து, பயறு இவற்றின் வேரிலும் முடிச்சு உண்டே என்று சிலர் கேட்கலாம். அது வேறு, இது வேறு. உளுந்தின் வேரில் இருப்பது காற்றிலுள்ள நைட்ரஜனைப் பிடித்துச் செடிக்கு ஊட்டும் நுண்ணுயிர்களின் வீடு. வேரின் பக்கவாட்டில் மணி போல் ஒட்டிக்கொண்டிருக்கும். நகத்தால் தள்ளினால் உதிர்ந்து விடும். நசுக்கினால் உள்ளே இளஞ்சிவப்பாக இருக்கும். நெல்லின் முடிச்சு அப்படி உதிராது. ஏனென்றால் அது வேரோடு ஒட்டிய பொருள் அல்ல, வேரே வீங்கியிருக்கிறது. முன்னது பண்ணையாள் குடியிருக்கும் வீடு என்றால் பின்னது உடம்பில் எழும்பிய கட்டி.

நாற்றை மண்ணோடு பெயர்த்து, ஈரம் காயாமல் ஒரு பையில் கட்டி, விவசாய ஆராய்ச்சி நிலையம் ஒன்றுக்குக் கொண்டு போனோம். அங்கே ஓர் இளம் பெண்மணி வேரை நன்றாகக் கழுவி, சிவப்புச் சாயத்தில் வேகவைத்து, பிறகு பூதக்கண்ணாடியின் கீழ் வைத்துக் காட்டினார். வெளுத்த வேரின் நடுவே செக்கச் செவேலென்று சிறு சிறு பேரிக்காய்கள்! ஒவ்வொன்றும் ஒரு பெண் புழு. அத்தான் வெகு நேரம் பார்த்தார். "இது எங்கேயிருந்து வந்தது?" என்று அவர் கேட்டதற்கு, "எங்கேயிருந்தும் வரவில்லை, சார். அங்கேயேதான் இருந்திருக்கும்" என்று பதில் கிடைத்தது.

அந்தப் பேரிக்காயின் கதையைக் கேட்டால் ஆச்சரியமாகவும் இருக்கும், அருவருப்பாகவும் இருக்கும். குஞ்சுப் புழு வேர் நுனிக்குச் சற்று மேலே துளைத்துக்கொண்டு உள்ளே புகுகிறது. அதன் வாயில் ஊசி போன்ற ஈட்டி ஒன்று உண்டு. நீரும் சத்தும் ஓடும் குழாய்களின் அருகே தனக்குப் பிடித்த இடத்தைத் தேர்ந்து, அங்கேயுள்ள சில உயிரணுக்களில் ஈட்டியைச் செருகித் தன் எச்சிலைச் செலுத்துகிறது. சாதாரணமாக ஓர் உயிரணு வளர்ந்தால் இரண்டாகப் பிரியும். இந்த எச்சில் பட்ட அணுவோ தான் பிரிவதில்லை. அதற்குள் இருக்கும் கருக்கள் மாத்திரம் மேலும் மேலும் பிரிந்து பெருக, அணு ஊதிப் பூதாகாரமாகிறது. ஊர்ச் சத்தெல்லாம் அங்கே வந்து குவிகிறது. பயிர் தன் கையாலேயே எதிரிக்கு ஒரு சமையற்கட்டுக் கட்டி, இரவும் பகலும் பரிமாறுகிறது. உட்கார்ந்த இடத்திலேயே சாப்பிட்டுப் பருத்த பெண் புழு அப்புறம் நகர்வதில்லை. ஆண் துணை இல்லாமலே நூற்றுக்கணக்கான முட்டைகளை இட்டுவிடுகிறது. முட்டையிலிருந்து மறுபடி முட்டை என்ற சக்கரம் சுற்றி வர ஏறக்குறைய மூன்று நாலு வாரம். ஆகவே ஒரு குறுவைப் பயிர் அறுவடைக்கு வருமுன் இந்த வம்சம் மூன்று நாலு தலைமுறையைப் பார்த்துவிடும்.

வேர் இப்படிப் போனால் பயிர் என்ன செய்யும்? குடிக்கத் தண்ணீர் இருந்தும் தொண்டை அடைத்தவன் கதைதான். குட்டையாய் மஞ்சளித்து நிற்கும், தூர் கட்டாது, கதிர் வந்தாலும் பால் பிடிக்காது. களத்தில் தூற்றும்போது கருக்காயும் பதருமாகப் பறக்கும். மணி நிரம்பாமல் போவதால் நம் நாட்டில் விளைச்சலில் ஆறில் ஒரு பங்கு முதல் மூன்றில் ஒரு பங்கு வரையில் நஷ்டமாவதாக ஆராய்ச்சியாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். ஆறில் ஒரு பங்கு என்பது ராஜா வாங்கிய வரி. அந்த வரியைச் சத்தமில்லாமல் வசூலித்துக்கொண்டு போகிறது இந்தப் புழு. வரி கொடுப்பவனோ உரக்கடைக்குப் போய் இன்னொரு தண்டமும் அழுதுவிட்டு வருகிறான்!

இந்த இனத்தைப் பற்றி உலகம் அறிந்தது நேற்று இன்று அல்ல. 1855-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் பெர்க்லி என்னும் பாதிரியார் கண்ணாடி வீட்டில் வளர்ந்த வெள்ளரியின் வேரில் முடிச்சுக்களைக் கண்டு எழுதினார். 1887-இல் பிரேஜில் தேசத்துக் காப்பித் தோட்டங்கள் அழிந்துகொண்டிருந்ததை ஆராய்ந்த கோல்டி என்பவர் இந்தக் கூட்டத்துக்கு 'மெலாய்டோகைன்' என்ற பெயரைச் சூட்டினார். நம் நாட்டில் முதலில் கண்டது 1901-இல், நீலகிரி ஜில்லாவைச் சேர்ந்த தேவாலாவில், தேயிலைச் செடியில். கண்டவர் பார்பர் என்னும் தாவர சாஸ்திரி. 1926-இல் கோயமுத்தூரிலிருந்து கிருஷ்ண அய்யர் தென்னிந்தியப் பயிர்களில் இதனால் விளையும் சேதத்தைப் பற்றிக் கட்டுரை எழுதினார். வெள்ளரி, காப்பி, தேயிலை, காய்கறி என்றெல்லாம் பட்டியல் நீளுகிறது; நெல்லைப் பிடிக்கும் வகைக்கு மாத்திரம் தனிப் பெயர் கிடைக்க 1965 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதுவும் அமெரிக்காவில் லூயிஸியானா மாகாணத்தில், வயலோரத்துப் புல் ஒன்றின் வேரில் அகப்பட்ட புழுவுக்குக் கோல்டனும் பர்ச்பீல்டும் சூட்டிய பெயர். 'கிராமினிகோலா', அதாவது புல்லில் குடியிருப்போன். நெல்லும் ஒரு புல்தானே! அதே சமயத்தில் ஒரிஸ்ஸாவில் கட்டாக்கிலுள்ள மத்திய நெல் ஆராய்ச்சி நிலையத்தாரும் நெல் வேரில் இதைக் கண்டு ஆராய்ந்து வந்தார்கள்.

இத்தனை பழைய எதிரி, நெல்லையே நம்பிப் பிழைக்கும் நம் டெல்டாவில் ஏன் அதிகமாகத் தலை தூக்காமல் இருந்தது? காரணம் தண்ணீர். நம் பாட்டன்மார் வயலில் தண்ணீரைக் கட்டி நிறுத்தியது களைக்காக, உழவுக்காக, வழக்கத்துக்காக. நின்ற நீர், சம்பளம் வாங்காமல், இன்னொரு காவலும் பார்த்து வந்தது என்பது அவர்களுக்குத் தெரியாது. நீர் தேங்கிய மண்ணில் இந்தக் குஞ்சுப் புழுவினால் புதிய வேருக்குள் புக முடிவதில்லை. சாவதில்லை, காத்திருக்கும். நீருக்கடியில் நாலு மாதத்துக்குப் பிறகு தொகை வேகமாகக் குறைந்தாலும், சில முட்டைக் குவியல்கள் பதினாலு மாதம் வரை உயிரோடு இருந்ததாகக் கண்டிருக்கிறார்கள். தண்ணீர் வடிந்ததோ இல்லையோ, வேரைத் தேடி அவை புறப்பட்டுவிடும்.

முன்னமேயே உள்ளே புகுந்துவிட்ட புழுவுக்கோ வெள்ளமும் பொருட்டல்ல. காய்கறிகளைப் பிடிக்கும் இதன் உறவினர்கள் முட்டையை வேருக்கு வெளியே தள்ளிவிடும். நெல்லைப் பிடிப்பது வேருக்குள்ளேயே இடுகிறது. பொரித்த குஞ்சு வெளியே வராமல் அதே வேரில் அடுத்த இடத்தைப் பிடித்துக்கொள்ளுகிறது. ஆகவே நாற்றங்காலில் பிடித்த வியாதி, நடவு வயலில் முழங்கால் ஆழத் தண்ணீர் நின்றாலும், நாற்றோடு கூடவே குடியேறிவிடும்.

இதனால் விளையக் கூடிய கொடுமை பங்களா தேசத்தில் நன்றாகத் தெரிந்தது. அங்கே ஆற்றுவெள்ளம் ஆள் உயரத்துக்கு மேல் ஏறும் தாழ்நிலங்களில் ஒரு வகை நெல் உண்டு. கோடையில் காய்ந்த மண்ணில் விதைப்பார்கள். வெள்ளம் ஏற ஏற அதுவும் நீளும். சில ரகங்கள் ஒரே நாளில் ஏறக்குறைய ஒரு சாண் கூட நீளும். தலையை நீருக்கு மேல் வைத்துக்கொள்வதற்கு அது நடத்தும் ஓட்டப் பந்தயம் அது. 1982-இல் பிரிட்ஜ், பேஜ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் எழுதியதாவது: வெள்ளத்துக்கு முன்னால் வேர்முடிச்சுப் பிடித்த பயிர் அந்தப் பந்தயத்தில் ஓட முடியாமல் மூழ்கிச் சாகிறது. வெள்ளம் வடிந்த பின் வந்து பார்க்கும் குடியானவன் யாரைக் குற்றம் சொல்வான்? வெள்ளத்தைத்தான்.

நம் ஊர்க் கஷ்டம் அதற்கு நேர்மாறானது. மேட்டூர் அணை 1934-இல் திறக்கப்பட்டது. ஜூன் மாதம் 12-ந் தேதி டெல்டாவுக்குத் தண்ணீர் விடுவது என்பது ஒரு பண்டிகை போன்ற வழக்கம். 2017-இல் அந்தத் தண்ணீர் அக்டோபர் 2-ந் தேதிதான் விடப்பட்டது. 2024-இல் ஜூலை 28. தலைமடைக்கே இந்த நிலை என்றால் கடைமடைக்காரன் என்ன செய்வான்? சேறு கலக்கி நடுவதை விட்டுப் புழுதியில் நேரே விதைக்கிறான். மேட்டில் நாற்று விட்டு நனைத்து வளர்க்கிறான். சர்க்காரும் விஞ்ஞானிகளும் நீரைச் சிக்கனம் செய்யச் சொல்லுகிறார்கள். பிலிப்பைன் தீவுகளிலுள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையத்தார் துளையிட்ட குழாய் ஒன்றை வயலில் புதைத்து, நீர் மட்டம் தரைக்குக் கீழே 15 சென்டிமீட்டர் இறங்கிய பிறகே மறுபடி பாய்ச்சுங்கள் என்கிறார்கள். தண்ணீர் மிச்சம், நீர் தேங்கிய வயலிலிருந்து எழும் மீதேன் வாயுவும் குறையும். இவை யாவும் நல்ல யோசனைகளே. இருக்கிற தண்ணீரைப் பங்கிடுவதற்கே இரண்டு ராஜ்யங்கள் ஆண்டுக்கணக்காக வழக்காடியிருக்கும்போது, "பழைய காலம் போல் வயல் நிறையத் தண்ணீர் கட்டு" என்று யார் சொல்ல முடியும்? ஆனால் காவற்காரனை வீட்டுக்கு அனுப்புகிறவர்கள் கதவுக்குத் தாழ்ப்பாளாவது போட்டுவிட்டு அனுப்பவேண்டாமா? அதே காவிரி பாயும் மண்டியா ஜில்லாவில், இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில், இந்தப் புழு நெல் வயல்களில் பலமாகக் கிளம்பியது. தண்ணீர்ச் சிக்கனத்தைப் பற்றி அச்சடித்து வழங்கும் நோட்டீசுகளில், "வேரையும் பாருங்கள்" என்று இன்னும் ஒரு வரி சேர்க்க எவ்வளவு மை செலவாகும் என்று எனக்கு விளங்கவில்லை.

தாழ்ப்பாள் என்ன என்றால், பெரும்பாலும் நாற்றங்காலில்தான் இருக்கிறது. வயல் முழுவதற்கும் நிறுத்தத் தண்ணீர் இல்லாவிட்டாலும் நாலு குழி நாற்றங்காலுக்கு நிறுத்தலாம். வருஷா வருஷம் ஒரே மூலையில் நாற்று விடாமல் இடம் மாற்றலாம். சித்திரை வைகாசி வெயிலில் நாற்றங்கால் மண்ணை நனைத்து, கண்ணாடி போன்ற பாலிதீன் தாளால் சில வாரம் இறுக மூடி வைத்தால், சூரிய பகவானே அடுப்பு மூட்டிப் புழுவை வேகவைத்துவிடுவார். 'சூடோமோனாஸ்' என்னும் நன்மை தரும் நுண்ணுயிரைக் கிலோ விதைக்குப் பத்துக் கிராம் வீதம் கலந்து விதைக்கும்படி நம் விவசாயக் கலாசாலையார் சொல்லுகிறார்கள். எள் விதைத்தால் அதன் வேரில் இந்தப் புழுவுக்குப் பிழைப்பு இல்லை. வரப்போரத்துப் புல்லையும் கோரையையும் விட்டு வைத்தால் அவை எதிரிக்குச் சத்திரம். வெங்காயம் போடலாமே என்று யாராவது யோசனை சொன்னால் கேட்க வேண்டாம்: பிலிப்பைன் தீவுகளில் நெல்லுக்குப் பின் வைத்த வெங்காயத்தையும் இது பதம் பார்த்திருக்கிறது.

விஷ மருந்தைப் பற்றி அத்தான் ஆவலோடு விசாரித்தார். மண்ணில் போட்டு நூற்புழுவைக் கொல்லும் மருந்துகள் உண்டு. அவற்றில் டி.பி.ஸி.பி. என்ற ஒன்று ஒரு காலத்தில் உலகெங்கும் ஏராளமாக விற்றது. 1977-இல் கலிபோர்னியாவில் அதைத் தயாரித்த தொழிலாளிகளுக்குப் பிள்ளை பெறும் சக்தியே போய்விட்டது வெளியாயிற்று. புழுவின் வம்சத்தை அறுக்கப் போய் மனிதன் வம்சத்தை அறுத்துக்கொண்ட கதை! இதைச் சொன்ன பிறகு அவர் மருந்துப் பேச்சை எடுக்கவில்லை. ஆப்பிரிக்க நெல் இனம் ஒன்றில் இந்தப் புழுவை எதிர்க்கும் சக்தி இருக்கிறது. அதை நம் நெல்லோடு கலப்பது எளிதல்ல. கலந்தால் பிறக்கும் சந்ததி பெரும்பாலும் மலடாகிவிடுகிறது. பல நாடுகளில் விடாமல் முயன்று வருகிறார்கள்.

நிலமில்லாத நேயர்களும் ஒரு சோதனை செய்து பார்க்கலாம். கொல்லையில் வெண்டையோ தக்காளியோ காரணமில்லாமல் வாடி நின்றால், பிடுங்கி எறிவதற்கு முன் வேரைக் கழுவிப் பாருங்கள். மணிமாலை கோத்தது போல் முடிச்சுக்கள் இருந்தால், அது நெல்லுப் புழுவின் ஒன்றுவிட்ட சகோதரன் வேலை. அந்தத் தொட்டி மண்ணை மற்றத் தொட்டிகளில் கொட்ட வேண்டாம்.

நாற்றங்காலுக்கு வழி கிடைத்துவிட்டது. புழுதியில் விதைக்கும் நிலத்துக்கு என்ன செய்வது என்பதுதான் அத்தானின் கவலை. இத்தாலியில் பீட்மான்ட் பிரதேசத்து நெல் வயல்களில் இந்தப் புழு 2016-இல் முதல் முதலாகத் தென்பட்டது. அங்கே வயலை நீரில் மூழ்கடித்து வைத்ததோடு, ஒரு தந்திரமும் செய்து பார்த்தார்கள். நெல்லையே பொறியாக விதைப்பது. புழுக்கள் வேருக்குள் புகுந்து, திரும்பி வெளியேற முடியாதபடி பருத்த பின்பு, முட்டையிடுமுன் பயிரை அழித்துவிடுவது. எலிப்பொறியில் வடை வைப்பதைப் போலத்தான். இதைப் பற்றி அத்தானுக்கு விவரமாக எழுதி, நம் ஊரில் வெயில் அதிகமாகையால் புழு சீக்கிரம் முட்டையிட்டுவிடும், மூன்று வாரம் ஆவதற்குள் உழுதுவிடவேண்டும் என்றும் எச்சரித்திருந்தேன். பதில் வந்திருக்கிறது.

"விதை நெல்லை விதைத்து, முளைத்து வரும்போது ஏர் கட்டி உழுவதா? ஊரில் என்னைப் பைத்தியம் என்பார்கள். உன் அக்கா ஏற்கெனவே சொல்லிவிட்டாள். இருந்தாலும் வடக்கு மூலையில் ஒரு மா நிலத்தில் செய்து பார்க்கிறேன். விதைக்கும் உழவுக்கும் ஆகும் செலவை நீ அனுப்பு."

நேற்றுத்தான் பணம் அனுப்பினேன்.